எந்த வீட்டில் இருப்பீர்கள்?

எங்கள் ஆங்கில வகுப்பில் நாங்கள் பேசியதில் பாதிக்கு மேல் நடக்காத காரியங்களைப் பற்றித்தான். கல்முனையில் பனி கொட்டினால் என்ன செய்வீர்கள், கடல் தண்ணீர் ஒருநாள் இனித்துப் போனால் மீன்காரர் என்ன செய்வார், உங்களுக்குச் சிறகு முளைத்தால் முதலில் எங்கே போவீர்கள் என்று டீச்சர் கேட்பார். நாங்கள் எழும்பி நின்று 'இஃப்' என்று தொடங்கி, நடுவில் மறக்காமல் ஒரு 'வுட்' போட்டு, வாக்கியத்தை ஒருமாதிரி ஒப்பேற்ற வேண்டும்.

டீச்சருக்குக் கண்டிப் பக்கம். கணவருக்குக் கல்முனையில் வங்கி வேலை கிடைத்ததால் கூட வந்தவர். வகுப்பில் இருந்த சிலரைவிட அவருக்கு வயது குறைவு. நாங்கள் 'சொல்லு' என்பதை அவர் 'செல்லு' என்பார். அவர் திரும்பியதும் நாங்கள் அதைச் செல்லிச் செல்லிச் சிரிப்போம். யுத்தம் நடந்த தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. வீதியில் எப்போது எதை மறிப்பார்கள் என்று தெரியாத காலம் என்பதால் சனிக்கிழமை காலையில் தொடங்கி நண்பகல் லுஹர் பாங்குக்கு முன் வகுப்பை முடித்துவிடுவார். இடம், ஓர் அரிசி ஆலையின் பின்வளவில் இருந்த தென்னங்கிடுகு வேய்ந்த கொட்டில். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம், நடுவில் டீச்சர் நடக்க ஒரு பாதை. உமித்தூசி காற்றில் வந்து கரும்பலகையில் ஒட்டும். அதன்மேல்தான் அவர் எழுதுவார்.

நடக்காத காரியத்தைப் பற்றிக் கதைப்பது எங்களுக்குப் புதுப் பழக்கம். நாளைக்குக் கடைக்குப் போவதற்கே இன்ஷா அல்லாஹ் சொல்கிற ஆட்கள் நாங்கள். ஆகவே சிறகு முளைப்பதற்கும் சொன்னோம். "சிறகு முளைத்தால், இன்ஷா அல்லாஹ், நான் மக்காவுக்குப் பறப்பேன்" என்று ஒருத்தி ஆங்கிலத்தில் சொன்னபோது டீச்சர் சிரிப்பை அடக்க முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். அது இலக்கணத்தில் இல்லை, ஆனால் அதைப் பிழை என்று வெட்ட எனக்குத் தைரியமும் இல்லை என்றார்.

ஒரேயொரு கேள்விக்கு மட்டும் யாரும் கை உயர்த்தவில்லை. காலையில் எழும்பிப் பார்க்கும்போது ஊரில் ஒருவருமே இல்லையென்றால் என்ன செய்வீர்கள் என்று அவர் கேட்டார். அவருக்கு அது ஒரு வேடிக்கையான கேள்வி. எங்களில் பலர் அப்படி ஒரு காலையைப் பார்த்தவர்கள், அல்லது அப்படி ஊரை விட்டுவிட்டு ஓடியவர்கள். எங்கள் முகங்களைப் பார்த்து அவர் விளங்கிக்கொண்டார். கேள்வியை அழித்துவிட்டு, நீங்கள் ஒரு மாம்பழமாக இருந்தால் என்று எழுதினார். அந்த மாம்பழத்துக்காகவே எனக்கு அவரைப் பிடித்துப் போனது.

ஆனால் அந்த வகுப்பு எனக்குப் பொழுதுபோக்கு அல்ல. உயர்தரப் பரீட்சை முடித்திருந்தேன். ஆங்கில ஆசிரியைகளைப் பயிற்றும் கல்லூரிக்கு எழுத்துப் பரீட்சையும் நேர்முகமும் வரவிருந்தன. நேர்முகத்தில் ஆங்கிலத்தில் வாய் திறக்க வேண்டும். எங்கள் வீட்டில் வாய்க்குக் குறைவில்லை, ஆங்கிலத்துக்குத்தான் குறை. அந்தக் கொட்டிலை விட்டால் எனக்கு வேறு வழி இல்லை. என் இரண்டு ராத்தாமாரும் பள்ளிக்கூடம் விட்ட கையோடு கலியாணம் முடித்தவர்கள். மூன்றாவது நான். எனக்கான வீட்டுக்குக் கூரை போட்டு நாங்கள் அதில் குடியும் வந்தாகிவிட்டது, சுவர் மட்டும் பூசவில்லை. அதைப் பூசி முடித்தால் அடுத்தது மாப்பிள்ளை என்று எனக்குத் தெரியும்.

எங்கள் கரையை அறியாதவர்களுக்கு இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். இங்கே பெண்ணுக்கு வீடு கொடுக்காமல் கலியாணம் இல்லை. மாப்பிள்ளை தன் உடுப்புப் பெட்டியோடு வந்து மனைவியின் வீட்டில் குடியேறுவார். பெண் பிள்ளை பிறந்த அன்றைக்கே வாப்பாமார் சீமெந்து எங்கே நல்லது என்று விசாரிக்கத் தொடங்கிவிடுவார்கள். ஆண் பிள்ளைக்கு ஒன்றும் கட்டுவதில்லை. அவனுக்கு எங்கேயோ யாரோ கட்டிக்கொண்டிருக்கிறார்கள். அதனால் எங்கள் ஊரில் வீடு என்றால் அது ஒரு பெண்ணின் வீடு. கலியாணம் முடிக்காத ஒருவன் ஒரு வீட்டைப் பார்த்து நல்ல வீடு என்று சொல்வதற்கு முன், அதற்குள் யார் இருக்கிறாள் என்று யோசிக்க வேண்டும்.

கண்டியில் பெண்தான் மாப்பிள்ளை வீட்டுக்குப் போவாளாம். டீச்சருக்கு இது எதுவும் தெரியாது. அவர் ஒரு சனிக்கிழமை வெகு உற்சாகமாக வந்து, கரும்பலகையில் பெரிய எழுத்தில் எழுதினார்: இந்த ஊரில் எந்த வீட்டில் வேண்டுமானாலும் நீங்கள் குடியிருக்கலாம் என்றால், எந்த வீட்டில் இருப்பீர்கள்? ஏன்?

பெண்கள் எங்களுக்குப் பயமில்லை. ஒருத்தி தன் சொந்த வீட்டையே சொன்னாள். இன்னொருத்தி, கடிதமெல்லாம் முதலில் தன் கைக்கு வரும் என்பதால் தபால் கந்தோரில் இருப்பாளாம். ஆண்கள் பக்கம் வந்தபோதுதான் கொட்டில் அமைதியானது. கெட்டிக்காரர்கள் கேள்வியின் ஆழத்தைப் பார்த்துவிட்டார்கள். ஒருவர் பள்ளிவாசலில் இருப்பேன் என்றார். மற்றவர் பொலிஸ் நிலையத்தில் இருப்பேன் என்றார். ஒரு பெண்ணின் வீட்டைச் சொல்வதைவிடக் கூண்டுக்குள் இருக்கலாம் என்று நினைத்திருப்பார் போல.

பிறகு அவன் எழும்பினான். கலவரத்தில் வேறு ஊரிலிருந்து இடம்பெயர்ந்து வந்து, கடற்கரைப் பக்கம் வாடகைக்கு இருந்த குடும்பத்துப் பையன். அவர்கள் கிணற்றில் உப்புத் தண்ணீர். எங்கள் வளவுக் கிணற்றில் நல்ல தண்ணீர். அதனால் காலையில் சைக்கிளில் தண்ணீர்க் கான்களைக் கட்டிக்கொண்டு வந்து எங்கள் கிணற்றில்தான் அள்ளுவான். அள்ளும்போதும் தலை நிமிர மாட்டான். எங்கள் வழக்கம் அவனுக்குத் தெரியாதது அல்ல. ஆனால் வகுப்பில் அவனுக்கு வாக்கியம்தான் முக்கியம். அது பிழையில்லாமல் வெளியே வந்துவிட வேண்டும், உலகம் எக்கேடு கெட்டாலும் சரி.

"சுவர் பூசாத அந்த வீட்டில் இருப்பேன்" என்று ஆங்கிலத்தில் நிதானமாகச் சொன்னான். "ஏனென்றால் அங்கே கிணற்றுத் தண்ணீர் நல்ல ருசி."

எங்கள் பக்கத்தில் யாரோ தொடையில் அடித்துக்கொண்டது கேட்டது. நான் கரும்பலகையையே பார்த்துக்கொண்டிருந்தேன். டீச்சருக்கோ வாக்கியம் சுத்தமாக வந்த சந்தோஷம். அங்கே இருந்தால் மகிழ்ச்சியாக இருப்பீர்களா என்று கேட்டார். அவன் ஒரு கணம் யோசித்து, ஒரு 'வுட்'டையும் தவறவிடாமல், மிகவும் மகிழ்ச்சியாக இருப்பேன் என்றான்.

"டீச்சர், அது இவட ஊடு!" என்று என் பக்கத்தில் இருந்தவள் கத்திவிட்டாள்.

"அப்ப இன்னும் நல்லம்!" என்று டீச்சர் என் பக்கம் திரும்பினார். "நீங்க செல்லுங்க. அவர் உங்கட ஊட்டுக்கு இருக்க வந்தா நீங்க என்ன செய்வீங்க?"

வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம் என்று பிறகு உம்மா எத்தனையோ தடவை சொன்னார். ஆனால் சபையில் தலை குனிந்து நிற்பது எனக்கு வராது. எழும்பி நின்றேன். அவர் வந்தால் முதலில் சுவரைப் பூச வேண்டியிருக்கும் என்று நல்ல ஆங்கிலத்தில் சொன்னேன். அந்த வகுப்பில் நான் சொன்னவற்றுள் மிகச் சிறந்த வாக்கியம் அதுதான். இன்றைக்கும் எனக்கு அதில் பெருமை உண்டு.

டீச்சர் கை தட்டினார். மற்ற யாரும் தட்டவில்லை. அவர்கள் எல்லோருக்கும் விளங்கியது ஒன்றுதான்: மாப்பிள்ளை வீட்டைக் கேட்டுவிட்டான், பெண் பேரம் பேசத் தொடங்கிவிட்டாள்.

நான் வீடு போய்ச் சேர்வதற்குள் செய்தி போய்ச் சேர்ந்துவிட்டது. குசினிக்குள் உம்மா மீன் சட்டியை அடுப்பில் வைத்த வேகத்தில் பாதி ஆணம் நிலத்தில் கிடந்தது.

"ஊட்டக் கேட்டானாமே ஒருத்தன். நீ சுவரப் பூசு எண்டியாமே. நல்ல இங்கிலீசு! நானும் உன்ட வாப்பாவும் என்னத்துக்கு இரிக்கிறம்? நீயே கதைச்சு முடிச்சிரு."

"அது சும்மா கதைக்கிற உம்மா. நடக்காத விஷயத்தத்தான் கதைக்கிற."

"நடக்காத விஷயத்த என்னத்துக்குக் கதைக்கிற? நடக்கிறத்தக் கதைக்கவே இஞ்ச நேரமில்ல. இண்டையோட அந்த வகுப்பு முடிஞ்சி."

நான் அழுதேன். அவனுக்காகவோ மானத்துக்காகவோ அழவில்லை. பரீட்சை நெருங்கிக்கொண்டிருந்தது, கொட்டிலின் வாசல் மூடிவிட்டது, அதற்காக அழுதேன். ராத்தாமார் வந்து ஆறுதல் சொன்னார்கள். ஆறுதல் என்றால், மாப்பிள்ளை பார்க்க நல்ல வடிவு என்று சொல்லிச் சிரித்தார்கள்.

இரண்டொரு நாளில் அவனுடைய உம்மா எங்கள் வீட்டுக்கு வந்தார். எங்கள் பக்கத்தில் பெண் வீட்டார்தான் மாப்பிள்ளை கேட்டுப் போவார்கள். மாப்பிள்ளை வீட்டார் முந்திக்கொண்டு வருவது வெட்கக்கேடு. அது தெரிந்தும் அந்த மனுசி வந்திருந்தார், கையில் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு. வாழைப்பழத்தைக் கண்டதும் உம்மாவின் முகம் போன போக்கை நான் கதவிடுக்கால் பார்த்தேன். பழத்தை வாங்கினால் சம்மதம் போலாகும், வாங்காவிட்டால் வந்தவரை அவமதித்ததாகும். உம்மா அதை வாங்கி, அந்த இடத்திலேயே உரித்து, ஒன்றை வந்தவருக்கே கொடுத்து, மற்றதைத் தானும் தின்றார். எவ்வளவு தந்திரம் பாருங்கள். பிறகு இருவரும் விறாந்தையில் இருந்து தண்ணீரைப் பற்றியே கதைத்தார்கள். எங்கே கிணறு வற்றியது, எங்கே உப்பேறியது, எந்தத் தண்ணீரில் பருப்பு அவியும். வகுப்பைப் பற்றி ஒரு சொல் இல்லை.

எழும்பிப் போகிற நேரத்தில்தான் அந்த உம்மா வந்த காரியத்தைச் சொன்னார். "தண்ணிக்கு அவன் இனி வாறதா, வேணாமா தங்கச்சி? உங்களுக்குக் கரைச்சலெண்டா நான் வேற இடம் பாக்கிறன்."

உம்மா உருகிப்போனார். "அல்லாட தண்ணி. அதுக்கு நாங்க யாரு மறிக்க? வரச் சொல்லுங்க."

தண்ணீருக்கு அவன் வரலாம், வகுப்புக்கு நான் போகக்கூடாது. நான் அதைச் சொல்லிச் சண்டை பிடித்தேன். உம்மா கேட்கவில்லை. (நீங்கள் எதிர்பார்ப்பது நடக்கவில்லை என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். அவன் பிறகு அக்கரைப்பற்றில் கலியாணம் முடித்தான். அங்கே கிணற்றுத் தண்ணீர் எப்படி என்று நான் விசாரிக்கவில்லை.)

இவ்வளவுக்கும் வாப்பா ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் வேளாண்மை செய்கிற மனிதர். வயல் வட்டையில் வேலைக்காரருக்குக் கேட்கக் கூவுகிற குரல் வீட்டுக்கு வந்ததும் எங்கே போகும் என்று தெரியாது. வெள்ளிக்கிழமை இரவுச் சாப்பாட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டு, "நாளைக்கு அந்த வகுப்ப நான் பாக்கிறன். புள்ளயும் வரட்டும்" என்றார். உம்மா ஏதோ சொல்ல வாயெடுத்து விட்டுவிட்டார்.

அடுத்த நாள் வாப்பா பெருநாளுக்கு உடுக்கும் சாரனை உடுத்து, தொப்பி போட்டு, சைக்கிளை உருட்டிக்கொண்டு என்னோடு நடந்தார். கொட்டிலில் நுழைந்ததும் ஆண்கள் பக்கம் முழுவதும் எழும்பி நின்றது. தண்ணீர்ப் பையன் எழும்பியவன் எழும்பியபடியே நின்றான். வாப்பா கடைசி வாங்குப் பலகையில் அவன் பக்கத்தில் போய் இருந்தார், வேறு இடம் இருக்கவில்லை. அவனைக் கையைப் பிடித்து இருத்தினார்.

இதற்குள் யாரோ டீச்சருக்கு ஊர் வழக்கத்தைச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். அவர் வாப்பாவின் முன்னால் வந்து நின்றார். "எனக்குத் தெரியாமப் பெய்த்து. எங்கட ஊர்ல அப்பிடி இல்ல. அந்தக் கேள்விய நான் கேட்டிருக்கப்படாது" என்றார்.

"கேள்வியில என்ன பிழை, டீச்சர்?" என்றார் வாப்பா. "என்ன கேள்வியெண்டு நானும் கேக்கத்தான் வந்த. எனக்கிட்டக் கேளுங்களன்."

டீச்சர் என்னைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன். டீச்சர் தமிழிலேயே கேட்டார். எந்த ஊட்டுல வேணுமெண்டாலும் இருக்கலாமெண்டா, நீங்க எந்த ஊட்டுல இருப்பீங்க?

வாப்பா சும்மா ஏதாவது பகிடியாகச் சொல்லிவிட்டு எங்களை விட்டுவிடுவார் என்றுதான் நான் நினைத்தேன்.

"எங்கும்மாட ஊட்டுலதான்" என்றார். "நிந்தவூர்ல. நான் பொறந்த ஊடு. பின்பக்கம் ஒரு சின்ன அற இரிக்கி, அதுலதான் நான் படுக்கிற. நெல்லு மூடைக்கு மேல பாயப் போட்டுப் படுக்கிற. குத்தும்தான், ஆனா நல்ல நித்திர வரும். கலியாணம் முடிச்சி இஞ்ச வந்த நாளையில இருந்து அங்க ஒருநாளும் படுத்ததில்ல."

"ஏன், போறல்லயா நீங்க?" என்று டீச்சர் கேட்டார்.

"போறதான். அது இப்ப தங்கச்சிட ஊடு. மச்சான் தங்கமான மனிசன். நான் போன உடன வாங்க மச்சான், இரிங்க எண்டு கதிர எடுத்துப் போடுவார். தேத்தண்ணி தருவாங்க, சீனிபோட்டு, தட்டுல வச்சித் தருவாங்க." சாரனின் மடிப்பை நீவினார். "அந்த ஊட்டுல எனக்குக் கதிர போடுறாங்க, டீச்சர்."

ஆண்கள் பக்கத்தில் இருந்த எல்லோருக்கும் அந்தக் கதிரை எங்கேயோ காத்திருந்தது. நானோ அதுவரை ஒருநாளும் இதை யோசித்துப் பார்த்ததில்லை. பெருநாளுக்கு நிந்தவூருக்குப் போகும்போதெல்லாம் நாங்கள் பிள்ளைகள் மாமி வீட்டுக்குள் ஓடி விளையாடுவோம். வாப்பா வெளியில் கதிரையில் நிமிர்ந்து இருப்பார். வீட்டுக்குள்ளே வர அவருக்கு விருப்பமில்லை என்றுதான் நான் எண்ணியிருந்தேன். அவர் உள்ளே அழைக்கப்படுவதற்காகக் காத்திருந்திருக்கிறார்.

வாப்பா தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவி மறுபடி போட்டுக்கொண்டார். "இது நடக்கிற கத இல்லதானே டீச்சர்? சும்மா கதைக்கிறதான?"

"ஓம், சும்மா" என்றார் டீச்சர். எங்கள் ஊராரைப்போல அவர் ஓம் என்று சொல்லி அன்றைக்குத்தான் கேட்டேன்.

"அப்ப இந்தத் தம்பியும் சும்மாதான் கதைச்சிரிக்கி." பக்கத்தில் இருந்தவனின் முதுகில் ஒரு தட்டுத் தட்டினார். "தண்ணி நல்லமெண்டு சொன்னத்துக்குச் சண்டைக்குப் போகேலுமா? நீங்க படிப்பியுங்க."

பிறகு டீச்சர் என்னை எழும்பச் சொல்லி, வாப்பா சொன்னதை ஆங்கிலத்தில் சொல்லச் சொன்னார். நான் எழும்பினேன். எந்த வீட்டிலும் இருக்கலாம் என்றால் நான் என் தாயின் வீட்டில் இருப்பேன் என்று தொடங்கினேன். அவருடைய வார்த்தைகளை என் வாயால், 'நான்' என்று சொல்ல வேண்டியிருந்தது. நெல்மூடையை எப்படிச் சொல்வது என்று தெரியாமல் தடுமாறினேன், டீச்சர் எடுத்துக் கொடுத்தார். கதிரைக்கு வந்தபோது வாக்கியத்தை முடிக்காமலே வாங்கில் இருந்துவிட்டேன். வாப்பாவுக்கு ஒரு சொல்லும் விளங்கியிருக்காது. ஆனாலும் கடைசிவரை கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

திரும்பி வரும்போது வெயில் ஏறியிருந்தது. வாப்பா சைக்கிளில் ஏறாமல் உருட்டிக்கொண்டே நடந்தார்.

"உன்ட சோதின முடியுமட்டும் சுவர் பூச மேசனக் கூப்பிடமாட்டன்" என்றார். "உம்மாவுக்கு நான் சொல்றன். நீ போய்ப் படி."

நான் எவ்வளவு சந்தோஷப்பட்டிருக்க வேண்டும்! அத்தனை நாள் அழுதது அதற்குத்தான். ஆனால் அந்த நேரம் எனக்கு வேறொரு கணக்குத்தான் ஓடியது. மூத்த ராத்தாவுக்கு ஒரு வீடு கட்டிக் கொடுத்துவிட்டு இந்த மனிதர் வெளியேறினார். இளைய ராத்தாவுக்கு ஒன்றைக் கட்டிக் கொடுத்துவிட்டு அதிலிருந்தும் வெளியேறினார். இப்போது என்னுடையது. நானும் ஒருநாள் கலியாணம் முடிப்பேன். அதற்குப் பிறகு அவர் பின்வளவில் ஓலைச் சாய்ப்பாக ஒரு பத்தியை இறக்கிக்கொண்டு உம்மாவோடு ஒதுங்கிவிடுவார். ஊரில் எல்லா வாப்பாமாரும் அப்படித்தான் செய்கிறார்கள். யாரும் அதைக் குறையாகச் சொல்வதும் இல்லை. பிறகு என்னைப் பார்க்க முன்வாசலால் வருவார். அப்போது என் வீட்டுக்காரர் எழும்பி, வாங்க மாமா, இரிங்க என்பார்.

"வாப்பா" என்றேன். "என்ட ஊட்டுல உங்களுக்கு நான் கதிர போடமாட்டன்."

அவர் நடையை நிறுத்தி என்னைப் பார்த்தார். "அப்ப என்ன, நிலத்துல இருத்தப்போறியா?"

"எங்கயெண்டாலும் இரிங்க. படுங்க. குசினிக்க பூந்து சட்டியத் தொறந்து பாருங்க. ஒருத்தரிட்டயும் கேக்காம இரிங்க."

பிடி என்று வாப்பா சைக்கிளை என் கையில் தந்துவிட்டு, நடுவீதியில் நின்றபடி சட்டைப் பைக்குள் கண் துடைக்கக் கைலேஞ்சியைத் தேடினார்.